பிளவுஸுக்கு அளவு எடுப்பது: உடம்பு அளவு வேறு, தையல் அளவு வேறு

பிளவுஸ் சரியாக அமையவில்லை என்றால் முதலில் திட்டு வாங்குவது டெய்லர்தான். ஆனால் பாதி நேரம் அவர் கையில் நாம் கொடுத்த சீட்டிலேயே குழப்பம் இருக்கும். "மார்பு 36" என்று எழுதியிருப்போம். உடம்பைச் சுற்றி டேப் வைத்து எடுத்த 36-ஆ, தைத்து முடித்த பிளவுஸ் 36 வர வேண்டுமா, பழைய பிளவுஸைத் தரையில் விரித்து அளந்த 36-ஆ என்று யாரும் எழுதுவதில்லை. உடம்பு 36 இருப்பவருக்குத் தைத்த பிளவுஸ் 37, 37½ இருந்தால்தான் மூச்சு விட முடியும். டெய்லர் உங்கள் உடம்பு 36-ஐ லூஸ் (உடம்பு அளவுக்கு மேல் தாராளமாக விடும் இடம்) சேர்த்த அளவு என்று நினைத்து அப்படியே வெட்டிவிட்டால் ஹூக் போடவே வராது. நீங்கள் தைத்த அளவைக் கொடுத்து, அவர் அதை உடம்பு அளவு என்று எண்ணி மேலே ஒன்றரை இன்ச் விட்டால் அக்குளுக்குக் கீழே துணி தொங்கும். அதனால் சீட்டில் பெயர் எழுதுவதற்கு முன்னாலேயே "உடம்பு அளவு" அல்லது "தையல் அளவு" என்று எழுதிவிடுங்கள். கூடவே தேதியும்.

இனி சொல்வது எல்லாம் உடம்பு அளவு. லூஸ் கணக்குக்குக் கடைசியில் வருகிறேன்.

டேப்பை ஒரு தடவை சோதித்துவிடுங்கள். வருஷக்கணக்கில் தையல் மெஷின் டிராயரில் கிடக்கும் துணி டேப் இழுபட்டு நீண்டிருக்கும். பிள்ளைகளின் ஸ்டீல் ஸ்கேலை அதன் பக்கத்தில் வைத்து 12 இன்ச்சும் 12 இன்ச்சும் ஒத்துப்போகிறதா என்று பாருங்கள், இல்லையென்றால் தூக்கிப் போடுங்கள், புது டேப் ஒன்றும் பெரிய விலை இல்லை. ஒரு பக்கம் இன்ச், மறுபக்கம் சென்டிமீட்டர் இருக்கும். பாதி அளவை இதிலும் பாதியை அதிலும் எழுதி வைக்காதீர்கள்.

இன்னொரு ஆள் கண்டிப்பாக வேண்டும். நீங்களே கையைத் தூக்கி டேப்பைப் பிடித்தால் தோள் ஏறும், மார்பு அளவு மாறும், முதுகுப் பக்கம் டேப் சரிந்து கிடப்பது தெரியவே தெரியாது. அம்மாவோ அக்காவோ பக்கத்து வீட்டுக்காரரோ யாராவது இருக்கட்டும். சுடிதாருக்கு மேலேயோ நைட்டிக்கு மேலேயோ எடுக்க வேண்டாம். அந்தப் புடவைக்கு எந்த பிராவைப் போடப் போகிறீர்களோ அதைப் போட்டுக்கொண்டு, மேலே உடம்போடு ஒட்டிய மெல்லிய பனியன் மாதிரி ஒன்று போதும். பேட் வைத்ததும் வைக்காததும் ஒரே அளவு காட்டாது, டாட் பாயின்ட் (மார்பு வடிவத்துக்காகத் துணியை மடித்துத் தைக்கும் டாட் போய்ச் சேரும் புள்ளி) வேறு இடம் மாறிவிடும். வயிற்றை உள்ளே இழுக்காமல், நெஞ்சை நிமிர்த்திக் காட்டாமல், பஸ் ஸ்டாப்பில் சும்மா நிற்பது போல நில்லுங்கள்.

டேப்பைத் தொடுவதற்கு முன் புள்ளிகளைக் குறித்துக்கொள்ள வேண்டும். இதற்கு ஸ்டிக்கர் பொட்டு அருமையான பொருள். முதல் புள்ளி, கழுத்தும் தோளும் சேரும் இடம்: கழுத்தில் மெல்லிய செயின் ஒன்றைப் போட்டால் அது தோள் மேட்டை எங்கே தாண்டுகிறதோ அதுதான், அங்கே ஒரு பொட்டு. இரண்டாவது, தோள் முடியும் இடம். கையைப் பக்கவாட்டில் தோள் உயரத்துக்குத் தூக்கினால் தோளின் நுனியில் சின்னதாக ஒரு குழி விழும், விரலால் தடவினால் எலும்பு முடிவது தெரியும், அங்கே ஒன்று. மூன்றாவது, மார்பின் முனை, பனியன் மேலேயே ஒட்டிக்கொள்ளலாம். இடது வலது இரண்டு பக்கமும் ஒட்டுங்கள். கண்ணாடியில் பார்த்தால் பலருக்கு ஒரு தோள் கொஞ்சம் இறங்கியிருப்பது அப்போதுதான் தெரியும், அதையும் சீட்டில் எழுதிவிட வேண்டியதுதான்.

சுற்றளவு மூன்று. மேல் மார்பு: இரண்டு அக்குளுக்கும் ஒட்டிக் கீழே, மார்புக்கு மேலே டேப் போக வேண்டும். மார்பு: பொட்டு வைத்த முனைகளின் மேல். அப்புறம் மார்புக்குக் கீழே, பிளவுஸ் முடியும் இடத்தில். பிளவுஸ் கணக்கில் "இடுப்பு" என்று சொல்வது இந்த மூன்றாவதைத்தான். பாவாடை நாடா கட்டும் இடத்தை அளந்து கொடுத்துவிட்டு, கீழே லூஸாக இருக்கிறதே என்று கேட்பவர்கள் நிறைய. மூன்றுக்கும் டேப் தரைக்குச் சமமாக ஓட வேண்டும், முதுகில் இறங்கியிருக்கிறதா என்று அளப்பவர் ஒரு சுற்று சுற்றி வந்து பார்க்கட்டும். இறுக்கவும் வேண்டாம், உள்ளே இரண்டு விரல் விடவும் வேண்டாம். விரல் விட்டு எடுத்தால் அது பாதி லூஸ் சேர்த்த அளவு, முதலில் சொன்ன குழப்பம் திரும்பவும் வந்துவிடும்.

மேல் மார்பை ஏன் எடுக்கிறோம் என்பதைக் கொஞ்சம் விளக்கமாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் வீட்டில் அளவு எடுப்பவர்கள் அதிகம் விட்டுவிடுவது இதைத்தான். மார்பு 38 உள்ள இரண்டு பேரை எடுத்துக்கொள்ளுங்கள். ஒருவருக்கு மேல் மார்பு 36½, இன்னொருவருக்கு 34. முதலாமவருக்குத் தோளும் முதுகும் அகலம். இரண்டாமவருக்குச் சின்ன உடம்பு, முன்பக்கம் மட்டும் நிறைவு. வெறும் 38-ஐ வைத்து இருவருக்கும் ஒரே மாதிரி வெட்டினால் இரண்டாமவருக்கு மார்பில் சரியாக இருக்கும், தோள் சரிந்து சரிந்து விழும், கைக்குழி (பிளவுஸில் கை வைத்துத் தைக்கும் வளைவு) தளர்ந்து தொங்கும், முதுகில் துணி மடியும். உடனே "ஷோல்டரைப் பிடிங்க அக்கா" என்று திருத்தக் கொடுப்போம், அவர் பிடித்தால் கழுத்து ஏறிக்கொள்ளும். இப்படிப்பட்ட உடம்புக்கு ஷோல்டர், கைக்குழி, முதுகு மூன்றையும் மேல் மார்பு அளவை ஒட்டி வெட்டி, மிச்சம் தேவைப்படும் இடத்தை முன்பக்க டாட்டில் கொடுக்க வேண்டும். மேல் மார்புக்கும் மார்புக்கும் மூன்று நான்கு இன்ச் வித்தியாசம் இருந்தால் டெய்லரிடம் வாய்விட்டே சொல்லுங்கள். கட்டோரி (மார்புக்குக் கிண்ணம் போலத் தனித் துண்டு வைப்பது) அல்லது பிரின்சஸ் கட் (டாட்டுக்குப் பதில் மார்பு வழியாக நீளத் தையல் போடுவது) அவர்களுக்கு இன்னும் நன்றாக அமையும் என்பது என் எண்ணம்.

ஷோல்டரை முதுகுப் பக்கமாக, ஒரு தோள் நுனிப் பொட்டிலிருந்து மறு பொட்டு வரை எடுங்கள். முன்பக்கம் எடுத்தால் குறைவாகக் காட்டும்.

டாட் பாயின்டுக்கு இரண்டு அளவு வேண்டும். கழுத்தோரப் பொட்டிலிருந்து மார்பு முனை வரை ஒன்று, ஒரு முனையிலிருந்து மறு முனை வரை இன்னொன்று. பெரும்பாலும் முதலாவது 9-லிருந்து 10½ வரைக்குள்ளும், இரண்டாவது 7, 8 பக்கத்திலும் நிற்கும், ஆனால் ஊகித்து எழுதாதீர்கள். டாட் இந்த முனைக்குக் கொஞ்சம் முன்னாலேயே முடிய வேண்டும், முனையைத் தாண்டிப் போனால் கூர்மையாகத் துருத்திக்கொண்டு நிற்கும். ஒரு இன்ச் மேலே போனாலும் மார்புக்குக் கீழே துணி சுருங்கி அசிங்கமாகத் தெரியும். புடவை மறைத்துவிடும் என்று விட்டுவிடாதீர்கள், சிங்கிள் ப்ளீட்டில் விடும்போது எல்லாம் தெரியும்.

முன் உயரமும் அதே கழுத்தோரப் பொட்டிலிருந்துதான்: மார்பு முனையின் மேலேறி, பிளவுஸ் எங்கே முடிய வேண்டுமோ அதுவரை. பின் உயரத்தைத் தனியாக எடுங்கள், முன்பக்கத்தைவிடக் குறைவாக வரும். முன்னும் பின்னும் ஒரே உயரம் எழுதினால் முன்பக்கம் மேலே தூக்கிக்கொள்ளும்.

கழுத்து இறக்கத்தில்தான் சண்டையே வரும். ஒருவர் கழுத்தோரப் பொட்டிலிருந்து கீழே அளப்பார், இன்னொருவர் தொண்டைக்குழியிலிருந்து அளப்பார், பின்னால் என்றால் பிடரி எலும்பிலிருந்து அளப்பார், பிறகு "ஏழுதானே சொன்னேன்" என்பார். எல்லாவற்றையும் கழுத்தோரப் பொட்டிலிருந்து நேராகக் கீழே எடுத்து, அதை எழுதியும் வைத்துவிடுங்கள். பின் கழுத்துக்கு ஒரு நூலை முதுகின் குறுக்கே பிடித்து மேலும் கீழும் நகர்த்திப் பார்த்து முடிவு செய்யலாம். பிராவின் பின்பட்டிக்கு ஒரு இன்ச்சாவது மேலே நிற்கட்டும். பின் கழுத்து ரொம்ப இறக்கமும் அகலமுமாக வேண்டுமென்றால் முன் கழுத்து அகலத்தைக் குறைத்துக்கொள்ளுங்கள். இரண்டையும் அகலமாக வைத்தால் தோளைப் பிடித்து நிறுத்த ஒன்றுமே இருக்காது. பின்னால் கயிறு வைப்பது அழகுக்கு மட்டும் என்று நினைக்க வேண்டாம், அது தோளை இழுத்துப் பிடிக்கும் வேலையையும் செய்கிறது.

கை நீளம் தோள் நுனியிலிருந்து. கைச் சுற்றளவைப் பிளவுஸின் கை எங்கே முடிகிறதோ அந்த இடத்தில் எடுக்க வேண்டும், இரண்டு கையையும் அளந்து பெரியதை எழுதுங்கள். முட்டி வரை கை வைத்தால் முட்டியை மடக்கிக்கொண்டு அளக்க வேண்டும், நீட்டி எடுத்த அளவில் தைத்தால் மடக்கும்போது இறுக்கும். கைக்குழி: டேப்பைத் தோள் நுனியின் மேல் போட்டு அக்குள் வழியாகச் சுற்றிக் கொண்டுவந்து, கையைக் கீழே தொங்கவிட்ட பிறகு எண்ணைப் படியுங்கள்.

சரி, லூஸ். நான் சொல்வது லைனிங் வைத்த சாதாரண பிளவுஸுக்கு. மார்பில் ஒன்றிலிருந்து ஒன்றரை இன்ச், கீழே அரையிலிருந்து ஒன்று, கையில் ஒன்று, கைக்குழியில் ஏறக்குறைய ஒன்று. பட்டு, ப்ரோகேட், டிஷ்யூ கொஞ்சமும் நெகிழாது, அவற்றுக்கு லூஸை மேல் எல்லையில் வைத்துக்கொள்ளுங்கள். இழுபடும் துணிக்குக் குறைவாகவே போதும். "கொஞ்சம் டைட்டா தைங்க அக்கா" என்று மட்டும் சொல்லாதீர்கள், உங்கள் கொஞ்சமும் அவருடைய கொஞ்சமும் ஒன்றல்ல; எங்கே, எத்தனை அரை இன்ச் என்று சொல்லுங்கள். லைனிங் காட்டன் என்றால் தைக்கக் கொடுக்கும் முன் தண்ணீரில் நனைத்துக் காயப்போட்டுவிட வேண்டும். இல்லையென்றால் முதல் துவையலில் லைனிங் மட்டும் சுருங்கி, மேல் துணி கொசகொசவென்று நிற்கும், நீங்கள் பார்த்துப் பார்த்து எடுத்த அளவும் அதோடு போச்சு.

அளவு பிளவுஸ் கொடுப்பது சுலபம்தான், ஆனால் அது தையல் அளவு, அதிலும் உடுத்தி நெகிழ்ந்த அளவு. கொடுப்பதானால் சமீபத்தில் தைத்ததாக, புதுத் துணியும் அதே ரகமாக இருக்கட்டும். காட்டன் பிளவுஸைக் கொடுத்து பட்டுக்கு அளவு எடுக்கச் சொல்ல வேண்டாம். ஹூக்கைப் போட்டு, சுருக்கம் இல்லாமல் விரித்து, அக்குளிலிருந்து அக்குள் வரை அளந்து இரண்டால் பெருக்க வேண்டும். எது பிடிக்கவில்லையோ அதை ஒரு துண்டுச் சீட்டில் எழுதி பிளவுஸிலேயே பின் பண்ணிவிடுங்கள், வாயால் சொன்னது அடுத்த கஸ்டமர் வந்ததும் மறந்துபோகும்.

கல்யாண பிளவுஸில் ஆரி வேலை (கொக்கி ஊசியால் செய்யும் எம்பிராய்டரி) இருந்தால் இன்னும் உஷார். ஆரியில் துணியில் முதலில் அளவை வரைந்து, பிரேமில் மாட்டி, கழுத்துக்கும் கைக்கும் வேலை செய்து, அதற்குப் பிறகுதான் வெட்டித் தைப்பார்கள். வரைந்த அன்றைக்கு இருந்த அளவுதான் கடைசி வரை. வேலை முடிந்த பின் கழுத்தை ஏற்றவோ இறக்கவோ முடியாது, பக்கத்தில் பிடிக்கலாம் விடலாம், அவ்வளவுதான். அதனால் அதே அளவில் ஒரு சாதாரண காட்டன் பிளவுஸை முதலில் தைத்துப் போட்டுப் பார்த்து, திருத்த வேண்டியதைத் திருத்தி, அந்த அளவையே ஆரிக்குக் கொடுங்கள். கல் வேலை கனமாக இருந்தால் கழுத்து கீழே இழுக்கும், இறக்கத்தைக் கால் இன்ச், அரை இன்ச் குறைத்தே சொல்லலாம். கல்யாணப் பெண் டயட்டில் இருந்தாலும், போடப் போகிறவர் பால் கொடுக்கும் தாயாக இருந்தாலும் பக்கத் தையலில் உள்ளே ஒரு இன்ச்சுக்குக் குறையாமல் துணி விடச் சொல்லுங்கள், கல்லையும் மணியையும் அந்தத் தையல் விளிம்பு வரை கொண்டுபோக வேண்டாம் என்றும் சொல்லிவிடுங்கள்.

தைத்து வந்ததும் கண்ணாடி முன் நின்று பார்த்துவிட்டுக் கழற்றாதீர்கள். உட்காருங்கள், குனியுங்கள், ஷெல்ஃபில் இருந்து டப்பா எடுப்பது போல இரண்டு கையையும் தூக்குங்கள். ஹூக்குகளுக்கு நடுவில் வாய் பிளந்தால் மார்பில் லூஸ் போதவில்லை. கையைத் தூக்கும்போது பிளவுஸ் மொத்தமும் கூடவே ஏறினால் பலரும் கைக்குழியை இன்னும் பெரிதாக்கச் சொல்வார்கள், அது தலைகீழ் வைத்தியம்: குழி அக்குளைவிட்டு அதிகம் இறங்கியிருந்தால்தான் பெரும்பாலும் அப்படி ஏறும், இன்னும் வெட்டினால் இன்னும் ஏறும். வெட்டிய துணியை ஒட்ட முடியாது என்பதால் இந்தப் பிளவுஸில் அதற்குப் பெரிதாக வழி இல்லை, அடுத்ததில் கைக்குழியை அரை இன்ச் மேலே வைக்கச் சொல்ல வேண்டியதுதான். எது திருத்தினாலும் உங்கள் சீட்டில் மட்டும் எழுதாமல் டெய்லருடைய அளவு நோட்டிலும் பழைய எண்ணை அடித்துப் புதியதை எழுதச் சொல்லுங்கள், அடுத்த தடவை அவர் அந்த நோட்டைப் பார்த்துத்தான் வெட்டுவார்.