மொட்டைமாடியில் குறுங்கோள் பிடிப்பது எப்படி?

கிருஷ்ணகிரிக்கு நேர் கிழக்கே, ஜவ்வாது மலையில் காவலூர். அங்குள்ள வைணு பாப்பு வானாய்வகத்தில் 1988 பிப்ரவரி 17 அன்று வானியலாளர் ராஜமோகன் ஒரு குறுங்கோளை, அதாவது சூரியனைச் சுற்றிவரும் சிறு பாறைக் கோளைக் கண்டுபிடித்தார். அதற்கு 4130 ராமானுஜன் என்று பெயர் வைத்தார்கள். அடுத்த ஆண்டே 5178 பட்டாழி என்ற குறுங்கோளும் அங்கு சிக்கியது. கருவிதான் பெரியது, வேலை என்னவோ எளிது. எல்லா விண்மீன்களும் இருந்த இடத்திலேயே இருக்க, எந்தப் புள்ளி நகர்ந்தது? 1861இல் வானியலாளர் போக்சன் மெட்ராஸிலிருந்து ‘ஆசியா’ என்ற குறுங்கோளைப் பிடித்தபோதும் தேடியது இதைத்தான்.

நாம் பிடிக்கப் போவது வெஸ்டா. குறுங்கோள்களிலேயே பிரகாசமானது, 10x50 (பத்து மடங்கு பெருக்கம், 50 மி.மீ. லென்ஸ்) பைனாகுலர் போதும். (ராமானுஜன் பைனாகுலருக்கு எட்டாது, ஆசைப்பட வேண்டாம்.)

முதலில் நாள் பார்க்க வேண்டும். சுமார் 16, 17 மாதங்களுக்கு ஒருமுறை வெஸ்டா சூரியனுக்கு நேர் எதிரே வரும். அப்போதுதான் நன்றாகத் தெரியும். செல்போனில் ஸ்டெல்லேரியம் என்ற வான வரைபடச் செயலியைத் திறந்து, வெஸ்டா எந்த விண்மீன் கூட்டத்தில் இருக்கிறது என்று மட்டும் பாருங்கள். எந்தப் புள்ளி என்று பார்த்துவிட்டால் சுவாரஸ்யமே போய்விடும். அமாவாசையை ஒட்டிய நாட்களாக இருக்கட்டும்.

இடம்? ஓசூர் வெளிச்சமும் பைபாஸ் விளக்குகளும் இல்லாத பக்கம். அஞ்செட்டி, வத்தல்மலைப் பக்கம் சொந்தக்காரர்கள் இருந்தால் கொடுத்து வைத்தவர்கள் நீங்கள். கண் இருட்டுக்குப் பழக இருபது நிமிடமாவது ஆகும். டார்ச்சில் சிவப்புக் கண்ணாடித் தாள் சுற்றிக்கொள்ளுங்கள்.

இனி வரைவது. எல்லாமே இதில்தான் இருக்கிறது. நோட்டில் டம்ளரைக் கவிழ்த்து ஒரு வட்டம் போடுங்கள். அதுதான் பைனாகுலரில் தெரியும் வானம். முழங்கையைக் கைப்பிடிச் சுவரில் ஊன்றிக்கொண்டால் படம் ஆடாது. பிரகாசமான விண்மீனுக்குப் பெரிய புள்ளி, மங்கலுக்குச் சிறியது. இரண்டு மூன்று விண்மீன்களை மனதில் முக்கோணமாக இணைத்து, மற்றவற்றை அதற்கு எந்தப் பக்கம், எவ்வளவு தூரம் என்று குறியுங்கள். முதல் தடவை நான் நாற்பது புள்ளி வைத்தேன். மறுநாள் எனக்கே ஒன்றும் விளங்கவில்லை. பதினைந்து போதும். தேதி, நேரம் எழுத மறக்காதீர்கள்.

அப்புறம், மூன்று நாள் கழித்து அதே நேரத்தில் அதே இடத்தைப் பார்த்துப் புதிதாக வரையுங்கள். நேரம் மாறினால் வானம் சாய்ந்து தெரியும், குழப்பம்தான். எதிரே வரும் காலத்தில் வெஸ்டா நாளொன்றுக்குச் சுமார் கால் டிகிரி, அதாவது பாதி நிலா அகலம், நகரும். மூன்று நாளில் ஒன்றரை நிலா. இரண்டு படங்களையும் பக்கத்தில் வைத்தால் ஒரு புள்ளி மட்டும் முக்கோணத்திலிருந்து விலகியிருக்கும்.

வரைந்ததில் வந்த பிழையாகவும் இருக்கலாம். அதனால் மூன்றாவது படமும் வரையுங்கள். மூன்றிலும் அது ஒரே போக்கில் போயிருந்தால், சரி, இப்போது செயலியில் வெஸ்டாவைத் தட்டிப் பார்க்கலாம்.