வாய் பாக்டீரியா பயோஃபிலிம் வளர்ப்பு: தவிர்க்க வேண்டிய தவறுகள்

சென்னையின் பல் மருத்துவக் கல்லூரிகளில் முதுநிலை மாணவர்கள் அடிக்கடி எடுக்கும் தலைப்பு ஒன்று உண்டு: ஏதோ ஒரு இலைச்சாறு பல் சொத்தைக் கிருமியின் பயோஃபிலிமை, அதாவது பரப்பில் ஒட்டி வளரும் படலத்தை, குறைக்கிறதா? இதில் முதலில் பார்க்க வேண்டியது, பிளேட்டில் சாறு விடாத சிறு குழியை, அதாவது கன்ட்ரோல் வெல்லைத்தான். அங்கே உறுதியான படலம் பிடிக்கவில்லை என்றால் மற்ற ரீடிங் எதற்கும் அர்த்தம் இல்லை.

படலம் பிடிக்காததற்குப் பெரும்பாலும் சர்க்கரைதான் காரணம். பி.எச்.ஐ. (பிரெய்ன் ஹார்ட் இன்ஃபியூஷன்) பிராத் என்ற திரவ மீடியாவில் சொத்தைக் கிருமியான ஸ்ட்ரெப்டோகாக்கஸ் மியூட்டன்ஸ் நன்றாக வளரும், மீடியா கலங்கும். அந்தக் கலங்கலைப் பார்த்துத் திருப்திப்பட்டுவிடக் கூடாது. பி.எச்.ஐ.யில் லிட்டருக்கு 2 கிராம் குளுக்கோஸ் இருக்கிறது; செல் பெருக அது போதும். ஆனால் பிளேட்டில் ஒட்ட வைக்கும் குளூக்கன் பசையை இந்தக் கிருமியின் குளுக்கோசில்டிரான்ஸ்ஃபரேஸ் நொதிகள் சுக்ரோஸிலிருந்து மட்டுமே செய்யும். குளுக்கோஸை எவ்வளவு கூட்டினாலும் பசை வராது, அமிலம்தான் கூடும். 1% சுக்ரோஸ் போதும். அதை மீடியாவோடு சேர்த்து ஆட்டோகிளேவில் வைக்காதீர்கள்: 121 டிகிரியில் ஒரு பகுதி குளுக்கோஸாகவும் ஃபிரக்டோஸாகவும் உடையும், பிராத் பழுப்பேறும். 20% கரைசல் தயாரித்து 0.22 மைக்ரான் ஃபில்டரில் வடிகட்டி, ஆறிய பிராத் 19 மிலிக்கு 1 மிலி சேருங்கள்.

மீடியா பவுடர் டப்பா மூடியை மழைக்காலத்தில் திறந்தபடி விட்டால் ஈரம் இழுத்துக் கட்டியாகிவிடும். கட்டிதட்டிய பி.எச்.ஐ. பவுடரில் லிட்டருக்கு வேண்டிய 37 கிராம் எடை போட்டால் அதில் தண்ணீர் எவ்வளவு, பவுடர் எவ்வளவு என்று சொல்ல முடியாது. புதிய டப்பாவைத் திறந்துவிடுங்கள்.

இனாகுலம் (வெல்லில் விடும் தொடக்கக் கிருமி) 16 முதல் 18 மணி நேரக் கல்ச்சராக இருக்கட்டும். 600 நானோமீட்டரில் ஓ.டி.யை (கலங்கல் அளவை) 0.1க்குச் சரிசெய்து வெல்லுக்கு 200 மைக்ரோலிட்டர் விட்டு, 37 டிகிரியில், 5% கார்பன் டை ஆக்சைடில் 24 மணி நேரம் வையுங்கள். சாதாரண இன்குபேட்டருக்குச் சூடாக்கத்தான் தெரியும், குளிர்விக்கத் தெரியாது. மே மாதத்தில் ஏ.சி. இல்லாத அறையில் உள்ளே 40 டிகிரி ஏறினாலும் டயல் 37 என்றே நிற்கும். உள்தட்டில் ஒரு தெர்மாமீட்டர் வைத்துப் படியுங்கள். பிளேட்டின் ஓர வெல்களில் மீடியா வற்றும் என்பதால் அவற்றில் ஸ்டெரைல் தண்ணீரை நிரப்பிவிட்டு, உள் வெல்களை மட்டும் கணக்கில் எடுங்கள்.

மெழுகுவத்தி ஏற்றி மூடும் கேண்டில் ஜாரை அனரோபிக் (ஆக்சிஜன் இல்லாத) ஜார் என்று நினைப்பது இன்னொரு தவறு. மெழுகுவத்தி அணைந்த பிறகும் உள்ளே ஆக்சிஜன் நிறையவே இருக்கும். மியூட்டன்ஸ் அதில் வளரும், ஈறு நோய்க் கிருமியான போர்ஃபிரோமோனாஸ் ஜிஞ்சிவாலிஸ் வளராது. அதற்கு 80% நைட்ரஜன், 10% ஹைட்ரஜன், 10% கார்பன் டை ஆக்சைடு வேண்டும். மீடியாவில் மில்லிக்கு 5 மைக்ரோகிராம் ஹீமினும் 1 மைக்ரோகிராம் மெனாடையோனும் வேண்டும். ஹைட்ரஜன் வகை ஜாரில் ஆக்சிஜனை நீக்கும் பலேடியம் கேட்டலிஸ்ட் நம் ஊர் ஈரப்பதத்தில் சீக்கிரம் நனைந்து செயலிழக்கும். ஒவ்வொரு முறையும் 160 டிகிரியில் 2 மணி நேரம் உலர்த்துங்கள். இண்டிகேட்டர் நிறம் போகவில்லை என்றால் அந்த பேட்சை விட்டுவிடுங்கள்.

பல இனங்களைச் சேர்த்து வளர்ப்பவர்கள் பி.எச். (அமிலத்தன்மை) அளவை மறந்துவிடுகிறார்கள். சுக்ரோஸ் கொடுத்த மியூட்டன்ஸ் ஒரே நாளில் பி.எச். அளவை 5க்குக் கீழே இறக்கிவிடும். ஜிஞ்சிவாலிஸ் அதைத் தாங்காது. மாற்றிய பழைய மீடியாவைக் கொட்டும் முன் பி.எச். பாருங்கள். இனங்களைச் சேர்க்கும் வரிசையும் முக்கியம்: முதலில் ஸ்ட்ரெப்டோகாக்கஸ் கார்டோனி போன்றவை, பிறகு இடையில் பாலமாக நிற்கும் ஃபியூசோபாக்டீரியம் நியூக்ளியேட்டம், கடைசியில் ஜிஞ்சிவாலிஸ்.

சாறு சேர்க்கும் சோதனையில் மீடியாவை ஊற்றும் முன் 600 நானோமீட்டரில் வளர்ச்சியை அளந்துகொள்ளுங்கள். கிருமியே வளராத வெல்லில் படலம் இல்லாதது இயல்பு. அதை பயோஃபிலிம் தடுப்பு என்று எழுதக் கூடாது, எம்.ஐ.சி.க்கு (வளர்ச்சியைத் தடுக்கும் மிகக் குறைந்த செறிவுக்கு) கீழான செறிவில் குறைந்தால்தான் அப்படிச் சொல்லலாம். சாற்றை டி.எம்.எஸ்.ஓ. என்ற கரைப்பானில் கரைத்திருந்தால் அதே அளவு டி.எம்.எஸ்.ஓ. மட்டும் விட்ட வெல்லும், சாற்றின் நிறத்துக்காகக் கிருமி இல்லாத வெல்லும் கட்டாயம்.

ரீடிங் அதிகம் கெடுவது வாஷில்தான். பிளேட்டைச் சாய்த்துப் பார்த்தால் அடியில் வெளிறிய படலம் தெரியும். பிப்பெட் முனையை அதன் மேல் காட்டி பி.பி.எஸ். என்ற உப்புக் கரைசலைப் பீய்ச்சினால் ஓரம் உரிந்து மொத்தமாக மிதந்து வந்துவிடும். முனையைச் சுவரில் ஒட்டி 200 மைக்ரோலிட்டரை மெதுவாக வழியவிட்டு மெதுவாக உறிஞ்சுங்கள், 2 முறை போதும். பிறகு மெத்தனால் 15 நிமிடம், உலர்த்தல், 0.1% கிரிஸ்டல் வயலட் 15 நிமிடம். சாயத்தை 225 மைக்ரோலிட்டர் விடுங்கள். மீடியாவின் மேல்மட்டத்தில் சுவரைச் சுற்றிப் பிடிக்கும் வளையமும் படலம்தான், குறைவாக விட்டால் அது நிறமேறாது. கழுவும் தண்ணீர் தெளிந்த பிறகு 33% அசிட்டிக் அமிலத்தில் கரைத்து, 125 மைக்ரோலிட்டரைப் புது பிளேட்டுக்கு மாற்றி 570 முதல் 595 நானோமீட்டருக்குள் ஒரே அலைநீளத்தில் படியுங்கள். ரீடிங் 2ஐத் தாண்டினால் நீர்க்கச் செய்து மறுபடி படிக்க வேண்டும். பிளாங்க் என்பது வெற்று வெல் இல்லை. ஸ்டெரைல் மீடியா விட்டு இதே படிகளைக் கடந்த வெல்.

கிரிஸ்டல் வயலட் செத்த செல்லுக்கும் பசைக்கும் சேர்த்தே நிறமேற்றும். குளோர்ஹெக்சிடின் என்ற கிருமிநாசினி செல்களைக் கொன்றிருந்தாலும் படலம் அப்படியே இருந்தால் எண் குறையாது, எனவே சி.எஃப்.யூ.வும் (உயிருள்ள செல்களைக் காலனிகளாக எண்ணுவதும்) வேண்டும். சுரண்டிய படலத்தை ஐஸில் வைத்துக் குறுகிய நேரம் சோனிகேட் செய்து (ஒலி அலையால் அதிரவைத்து) செல் சங்கிலிகளைப் பிரியுங்கள். இல்லையென்றால் ஒரு சங்கிலி முழுவதும் ஒரே காலனியாகிவிடும். கூடவே லெசித்தினும் ட்வீன் 80உம் கலந்த நியூட்ரலைசர் சேருங்கள். ஒட்டிக்கொண்டு வரும் குளோர்ஹெக்சிடின் அகர் தட்டிலும் கொன்றுகொண்டே இருக்கும்.