கல்குவாரி வழக்கில் தோற்றபின் ரிவ்யூ மனு: எப்போது எடுபடும், எப்படிப் போடுவது

வேலூர் மாவட்டத்தில் மலையை ஒட்டிய ஊர்களில் குவாரி வழக்கு என்றால் சென்னை உயர் நீதிமன்றம் வரை போகும். தீர்ப்பு எதிராக வந்ததும் பலரும் கேட்பது, “அதே நீதிபதியிடம் இன்னொரு தடவை சொல்லிப் பார்க்கலாமா?” என்றுதான். சொல்லலாம்; அதற்குத்தான் ரிவ்யூ (மறுஆய்வு) மனு. ஆனால் பழைய வாதத்தையே இன்னும் நன்றாகச் சொல்வதற்கு அங்கே இடமில்லை.

படி 1: நாள் கணக்கு

தீர்ப்பு நாளிலிருந்து 30 நாட்களுக்குள் மனு போட வேண்டும். சான்றிட்ட நகல் வாங்க ஆகும் நாட்களைக் கழித்துக்கொள்ளலாம். அதனால் நகலுக்கு உடனே விண்ணப்பியுங்கள். தாமதமானால் காரணத்தை விளக்கித் தனி மனு போட வேண்டும். சுற்றுச்சூழல் வழக்குகளைப் பார்க்கும் பசுமைத் தீர்ப்பாயத்திலும் ரிவ்யூ உண்டு. அங்கே நகல் கிடைத்ததிலிருந்து 30 நாள்.

படி 2: தீர்ப்பைப் பென்சிலோடு படியுங்கள்

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 47-ஆம் கட்டளை (Order 47) மூன்று காரணங்களைச் சொல்கிறது: பார்த்ததும் தெரியும் பிழை, முன்பு எவ்வளவு முயன்றும் கிடைக்காத புதிய ஆதாரம், இவற்றுக்கு இணையான வேறு தகுந்த காரணம். அரசின் உத்தரவை எதிர்த்து நேரே உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் வழக்கிலும் அது இதே அளவுகோலைத்தான் பார்க்கிறது.

ஓர் உதாரணம் வைத்துக்கொள்வோம். குடியிருப்பிலிருந்து 300 மீட்டருக்குள் கல் உடைக்கக் குத்தகை தரக்கூடாது என்பது தமிழ்நாடு சிறுகனிமச் சலுகை விதிகள், 1959-இல் இருக்கிறது. தீர்ப்பின் ஒரு பத்தியில் “அருகிலுள்ள வீடு 240 மீட்டர்” என்று எழுதிவிட்டு, அடுத்த பத்தியில் “விதி மீறப்படவில்லை” என்று முடித்திருந்தால், அது ஏட்டிலேயே தெரியும் பிழை. தாராளமாக ரிவ்யூ போடலாம். ஆனால் தாசில்தார் அறிக்கை 240 என்றும் கனிமவளத் துறை அறிக்கை 320 என்றும் சொல்லி, நீதிபதி இரண்டாவதை நம்பியிருந்தால்? அவர் நம்பியது தவறாகவே இருக்கலாம். அதைச் சொல்ல வேண்டிய இடம் மேல்முறையீடு. இந்த வித்தியாசம் பிடிபடாமல் போடும் மனுக்கள்தான் பெரும்பாலும் முதல் விசாரணையிலேயே விழுகின்றன.

சர்வே எண் மாறி அச்சாகியிருப்பது போன்ற வெறும் எழுத்துப் பிழைக்கு ரிவ்யூ வேண்டாம். வக்கீலிடம் சொன்னால் திருத்தம் கேட்டு வாங்கிவிடுவார்.

படி 3: புதிய ஆதாரமா, புதிதாகத் தேடிய ஆதாரமா?

தோற்றபின் சர்வேயரை வைத்து அளந்த வரைபடம் எடுபடாது. வழக்கு நடக்கும்போதே அளந்திருக்கலாமே என்பார்கள். வழக்கு நடக்கும்போதே தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டு, தீர்ப்புக்குப் பிறகுதான் கையில் கிடைத்த அ-பதிவேட்டு (ஊரின் நில விவரங்கள் உள்ள வருவாய்த் துறைப் பதிவேடு) நகல் வேறு கதை. நம் பக்கத்தில் இது நடக்கக்கூடியதுதான். வடஆற்காடு 1989-இல் பிரிந்தது. 2019-இல் வேலூரிலிருந்து ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் தனியாகப் போயின. பழைய பதிவேடு எந்த அலுவலகத்தில் இருக்கிறது என்று கண்டுபிடிப்பதே பெரும்பாடு. அலைந்ததற்குச் சான்றாக ஒப்புகைச் சீட்டு, பதில் கடிதம் எல்லாவற்றையும் மனுவோடு சேருங்கள்.

படி 4: உங்களைக் கேட்காமலே தீர்ப்பு வந்ததா?

குத்தகைதாரரும் அரசும் மட்டுமே வழக்கின் கட்சிகளாக (தரப்பினராக) இருந்து, உங்கள் கிணற்றையும் நிலத்தையும் நேரடியாகப் பாதிக்கும் உத்தரவு வந்திருந்தால் மனம் தளராதீர்கள். கட்சியாகச் சேர்க்கப்படாமல் பாதிக்கப்பட்டவருக்காக உயர் நீதிமன்றம் தன் ரிட் உத்தரவையே மறுபடி பார்க்கலாம் என்று சிவதேவ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் எப்போதோ சொல்லிவிட்டது. முதலில் மனு போட அனுமதி கேட்க வேண்டும். ஊர்க்காரர்களுக்கு இருப்பதிலேயே வலுவான வழி இது என்பது என் எண்ணம்.

படி 5: எடுபடாதவை

வேறொரு வழக்கில் உச்ச நீதிமன்றம் பின்னால் சட்டத்தை மாற்றிச் சொன்னது காரணமாகாது; 47-ஆம் கட்டளையின் விளக்கமே அதைத் தடுக்கிறது. முன்பே இருந்த தீர்ப்பு கவனிக்கப்படாமல் போயிருந்தால் நிலைமை வேறு. வேலை தொடங்கியபின் சுற்றுச்சூழல் அனுமதி தரக்கூடாது என்று 2025 மே மாதம் வந்த வனசக்தி தீர்ப்பை, உச்ச நீதிமன்றமே நவம்பரில் 2-1 என்ற கணக்கில் திரும்பப் பெற்றது. முந்தைய அமர்வுகளின் தீர்ப்புகளைக் கருதவில்லை என்பது முக்கியக் காரணம். குவாரி ஓரத்தில் வாழ்கிறவர்களுக்குக் கசப்பான முடிவுதான், ஆனால் வழி எப்படித் திறக்கிறது என்பதை அதில் பார்க்கலாம்.

படி 6: போடும் முன்

ரிவ்யூ தள்ளுபடியானால் அந்த உத்தரவின் மேல் அப்பீல் கிடையாது, இரண்டாவது ரிவ்யூவும் கிடையாது. அப்பீலுக்கான கெடுவும் ஓடிக்கொண்டிருக்கும். எந்த வழி என்பதை வக்கீலோடு முதல் வாரத்திலேயே முடிவு செய்யுங்கள்.

மனு போட்டதாலேயே வெடி நிற்காது. தடை கேட்டுத் தனி மனு வேண்டும். தீர்ப்புக்குப் பிறகு குத்தகை எல்லையைத் தாண்டி வெட்டினால் அது புதிய மீறல். அதற்கு ரிவ்யூவுக்காகக் காத்திருக்காமல், தேதி போட்ட படங்களோடு கலெக்டரிடமும் கனிமவளத் துறை உதவி இயக்குநரிடமும் அன்றைக்கே புகார் கொடுத்து ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள்.