ஏற்காட்டு சாரலுக்கு கார் ஷெட்டோட பக்கத்துல ஷீட் அடிக்கிறது எப்படி

மேல கூரை இருந்தா மட்டும் ஏற்காட்டுல பத்தாதுங்க. இங்க மழை நேரா விழறத விட பக்கவாட்டுல அடிக்கிறது தான் ஜாஸ்தி, ஆடிக் காத்தோட சாரல் வந்தா காரோட ஒரு பக்கம் மட்டும் ஊறிப்போய் நிக்கும். கால், கூரை எல்லாம் ஏற்கனவே இருக்குன்னு வெச்சுட்டே சொல்றேன்.

மொதல்ல எந்தப் பக்கம் மூடணும்னு முடிவு பண்ணுங்க. எல்லாப் பக்கமும் வேணாம். திறந்த ஷெட்டுல காத்து பூந்து அந்தப் பக்கமா போயிரும், மூணு பக்கம் அடைச்சுட்டா வந்த காத்து போக வழியில்லாம கூரையத் தூக்கப் பாக்கும். சாரல் வர்ற பக்கம் மட்டும் அடிங்க, அதுலயும் மேல ஒரு முக்கால் அடி, கீழ மூணு இன்ச் கேப் விடுங்க. கீழ விடலைன்னா தேங்குற தண்ணில ஷீட் ஓரம் தான் மொதல்ல துருப்பிடிக்கும். காலோட பேஸ் பிளேட் (தரையோட புடிக்கற அடித்தகடு) போல்ட்டையும் இப்பவே டைட் பண்ணிருங்க.

பொருள்: கலர் கோட்டிங் ஷீட், 0.45 இல்லன்னா 0.5 எம்எம் கனம். சேலம் ஸ்டீல்ல வாங்கலாமான்னு கேக்கறாங்க, அது ஸ்டெயின்லெஸ் ஸ்டீல், இதுக்குத் தேவையில்ல. ஷீட்ட அளவு சொல்லி சேலத்துலயே வெட்டி வாங்கிட்டு வாங்க. ஷீட்டுல மேடு பள்ளமா மடிப்பு இருக்கும், மூணரை அடி அகல ஷீட்டுல ஓரத்து ஒரு மேட்ட அடுத்த ஷீட் மேல ஏத்திப் போட்டா மூணே கால் அடி தான் கணக்குல வரும். இங்க வந்து வெட்ற மாதிரி ஆச்சுன்னா தகரக் கத்திரி தான், கட்டிங் வீல் வேணவே வேணாம், தீப்பொறி பட்ட இடமெல்லாம் கோட்டிங் கருகி துரு ஏறும்.

கால் டூ கால் ஸ்கொயர் பைப் படுக்க வெச்சு வெல்டிங், மூணு நாலு அடிக்கு ஒண்ணு, ரெட் ஆக்சைடு, பெயின்ட். கார வெளிய எடுத்துருங்க, பொறி கண்ணாடில பட்டா புள்ளி புள்ளியா பதிஞ்சிரும்.

இனி ஷீட். எந்தப் பக்கத்துல இருந்து ஆரம்பிக்கறீங்கறது தான் முக்கியம், அவசரத்துல கைக்கு வசதியான பக்கத்துல இருந்து ஆரம்பிச்சுட்டா அப்புறம் எல்லாத்தையும் கழட்டணும். தெக்குப் பக்கம் அடிக்கறப்ப காத்து தென்மேக்க இருந்து சாய்வா வருதுன்னா கிழக்கு ஓரத்துல இருந்து ஆரம்பிங்க. அடுத்தடுத்த ஷீட் முன்ன போட்டதுக்கு மேல ஏறும், அப்ப காத்து ஜாயின்ட்டத் தாண்டிப் போகும், உள்ள தண்ணிய ஊதாது. மீன் செதில தலைல இருந்து வாலுக்குத் தடவுற மாதிரி.

ஸ்க்ரூ, ரப்பர் வாஷர் வெச்ச செல்ஃப் ட்ரில்லிங், அதாவது தானே ஓட்டை போட்டு ஏறுறது. கூரைக்கு மேட்டுல அடிப்போம், பக்கத்துக்கு பள்ளத்துல அடிக்கணும், அங்க தான் ஷீட் பைப்போட ஒட்டி உக்காரும். ரப்பர் லேசா பிதுங்கினதும் நிறுத்திருங்க, நசுங்கிட்டா வெயில்ல வெடிச்சு ஒழுகும். இம்பாக்ட் டிரைவர விட ஸ்பீட் கம்மியா வெச்ச சாதா ட்ரில் தான் எனக்குப் புடிக்கும், கைக்கு அளவு தெரியும். சாயங்காலமே இரும்புத் தூள பிரஷ்ஷால கூட்டித் தள்ளிருங்க, ஒரு ராத்திரி பனிக்கே ஷீட்டுல பழுப்புப் புள்ளி விழுந்துரும்.

பின்னாடி சேத்தது: இருட்டாகுதுன்னு சிலர் நடுவுல பாலிகார்பனேட் (வெளிச்சம் விடற பிளாஸ்டிக் ஷீட்) போடலாமான்னு கேட்டீங்க. தாராளமா. யூவி கோட்டிங் (வெயில்ல கெடாம காக்கறது) இருக்கற பக்கம் வெளிய பாக்கணும், ஓட்டைய ஸ்க்ரூவ விட கொஞ்சம் பெருசா போடுங்க, வெயில்ல அது நீளும். மேல இருக்கற பிளாஸ்டிக் பேப்பர அன்னிக்கே உரிச்சிருங்க, காஞ்சு ஒட்டிக்கிச்சுன்னா நகத்தால சுரண்டிட்டு தான் உக்காரணும்.