நாலு சாசேஜ், ஒரு டின் தக்காளி

பாஸ்தாவுக்கான சாஸ் இது, இரண்டு பேருக்கு 4 பன்றிக்கறி சாசேஜ். பச்சையாக விற்பதுதான் வேண்டும். முன்பே வெந்தது இதற்கு ஆகாது. தோலைக் கீறி உரித்துக் கறியை மட்டும் எடுங்கள். இத்தாலிய சாசேஜில் பெரும்பாலும் சோம்பு இருக்கும். இல்லையென்றால் அரை டீஸ்பூன் நசுக்கிச் சேருங்கள்.

அகலமான வாணலியில் ஆலிவ் எண்ணெய் விட்டு, கறியைக் கிள்ளிக் கிள்ளிப் போடுங்கள். போட்டதும் கிண்டாதீர்கள். அடிப்பக்கம் சிவந்து சட்டியில் பழுப்பாக ஒட்டட்டும், ருசியெல்லாம் அதில்தான். அப்புறம் உதிர்த்துவிட்டு, பொடியாக நறுக்கிய ஒரு வெங்காயம், 3 பல் பூண்டு. வதங்கியதும் 400 கிராம் டின் தக்காளியைக் கையால் மசித்து ஊற்றி, ஒட்டியதைச் சுரண்டிவிடுங்கள். சிறுதீயில் 25 நிமிடம். ஓரத்தில் எண்ணெய் பிரியும். உப்பு கடைசியில், சாசேஜிலேயே நிறைய இருக்கிறது. புளிப்பு தூக்கலாக இருந்தால் ஒரு சிட்டிகை சர்க்கரை. கெட்சப் வேண்டவே வேண்டாம்.

ரிகட்டோனி மாதிரி குழல் பாஸ்தாதான் இதற்குச் சரி, கறி உள்ளே புகுந்துகொள்ளும். பாஸ்தா வெந்த தண்ணீர் ஒரு கரண்டி விட்டுப் பிரட்டி, மேலே சீஸ் துருவுங்கள். என் வீட்டுக்காரர் கொத்தமல்லி தூவப் பார்ப்பார்; நான் விடுவதில்லை.