கட்டாய ஓய்வை எதிர்த்து வழக்கா? முதல் பத்தியிலேயே தோற்காதீர்கள்

போன வாரம் ஜூனியர் தம்பி ஒருவர் தான் எழுதிய ரிட் மனுவைக் காட்ட வந்தார். தொண்டிப் பக்கத்து அரசு ஊழியர் ஒருவருக்கு 53 வயதில் தமிழ்நாடு அரசின் அடிப்படை விதி 56(2)-இன் கீழ் கட்டாய ஓய்வு. மனு பதினான்கு பக்கம். அதில் பதினொரு பக்கம், ‘விளக்கம் கேட்கவில்லை, விசாரணை வைக்கவில்லை, இயற்கை நீதி மீறப்பட்டது’ என்பதையே திருப்பித் திருப்பிச் சொன்னது. பதினைந்து வருடத்துக்கு முன் நான் எழுதிய மனுவும் அச்சு அசலாக இதுதான். தேதிப் பிழை, கையெழுத்துப் பிழையெல்லாம் யாரும் திருத்திவிடுவார்கள். இதைத் திருத்த ஆளில்லாமல் போவதுதான் எனக்கு இன்றும் ஆறவில்லை.

தண்டனை என்று நினைத்து வாதாடுவது

கட்டாய ஓய்வு இரண்டு வழியில் வரும். அரசு ஊழியர் ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் 17(ஆ)-இல் குற்றச்சாட்டு குறிப்பாணை கொடுத்து, விசாரித்து, தண்டனையாகத் தருவது ஒன்று. இன்னொன்று 56(2): 50 வயது கடந்தவரையோ, தகுதியுள்ள பணிக்காலம் 30 ஆண்டு முடித்தவரையோ பொதுநலன் கருதி அனுப்புவது. அதற்கு மூன்று மாத முன்னறிவிப்பு கொடுக்க வேண்டும், அல்லது அந்த மூன்று மாதச் சம்பளத்தையும் படிகளையும் கொடுக்க வேண்டும். முதல் வகையில் ஊழியரைக் கேட்டே ஆக வேண்டும். இரண்டாவதில் கேட்க வேண்டியதில்லை. 1970-இல் கர்னல் ஜே.என். சின்ஹா வழக்கிலும், 1992-இல் பைகுந்தநாத் தாஸ் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லிவிட்டது. தீய உள்நோக்கம், ஆதாரமே இல்லாத முடிவு, நியாயமுள்ள எவரும் எடுக்காத முடிவு, இவற்றில் ஒன்றைக் காட்டினால்தான் கோர்ட் கைவைக்கும்.

என்னுடைய அந்தப் பழைய மனுவுக்காகச் சாயல்குடிப் பக்கமிருந்து வந்த பெரியவர், “என்னைய ஒரு வார்த்தை கேக்காம அனுப்பிட்டாக தம்பி” என்று கண் கலங்கினார். அவர் மனக்குறையையே நான் மனுவாக்கிவிட்டேன். உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் நீதிபதி கேட்டது ஒரே கேள்வி: “பணிப்பதிவேட்டில் என்ன இருக்கிறது?” என் கையில் அது இல்லை. மனு தள்ளுபடி. பிறகு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் நகல் வாங்கிப் பார்த்தால், அவருக்கு எதிரான குறிப்புகள் எல்லாம் பழையவை. அவற்றுக்குப் பிறகே தகுதி அடிப்படையில் பதவி உயர்வு பெற்றிருக்கிறார். அப்படிப்பட்ட பதவி உயர்வுக்குப் பின் பழைய குறிப்பின் கூர் மழுங்கிவிடும் என்று பைகுந்தநாத் தாஸ் தீர்ப்பே சொல்கிறது. மேல்முறையீட்டில் அந்தப் பதவி உயர்வு ஆணையை வைத்தபோது, முதலில் ஏன் சொல்லவில்லை என்று கேட்டார்கள். பதில் இல்லை. விசாரணை இழுத்து முடிவதற்குள் அவருக்கு அப்போதைய ஓய்வு வயதான 58 முடிந்துவிட்டது. சம்பள வித்தியாசத்தில் பாதி கிடைத்தது. தன் நாற்காலியில் அவர் திரும்ப உட்காரவே இல்லை.

அதனால் பேனாவைத் திறக்கும் முன் பணிப்பதிவேட்டையும் ஆண்டு இரகசியக் குறிப்பேடுகளையும் வாங்குங்கள். இந்தக் கடற்கரையில் உப்புக்காற்று பட்டுப் பதிவேட்டின் ஓரங்கள் பொடிந்துபோகின்றன. பக்கம் பக்கமாக நகல் கேளுங்கள்.

அடுத்து, 17(ஆ) ஏதும் நிலுவையில் இருக்கிறதா என்று பாருங்கள். 2001-இல் உமேத்பாய் படேல் வழக்கு இதற்கு நல்ல பாடம். குஜராத் அரசு அவரைத் தற்காலிகப் பணிநீக்கத்தில் வைத்திருந்தது. விசாரணையை முடிக்கவில்லை. குறிப்பேட்டில் பாதகமாக ஒன்றும் இல்லை, மறு ஆய்வுக் குழுவும் பரிந்துரைக்கவில்லை. பணி நிறைவுக்கு இரண்டு வருடம்கூட இல்லாத நிலையில் கட்டாய ஓய்வு கொடுத்தார்கள். துறை விசாரணையைத் தவிர்க்கும் குறுக்குவழியாகக் கட்டாய ஓய்வைப் பயன்படுத்தக் கூடாது என்று நீதிமன்றம் அந்த ஆணையை ஏற்கவில்லை. என்னிடம் வரும் பல வழக்குக் கட்டுகளில் இதே கதை இருக்கிறது. மனுவில் மட்டும் இருப்பதில்லை.

ஒரு எச்சரிக்கை. பதவி உயர்வு பழையதை முழுதாகத் துடைத்துவிடும் என்று கட்சிக்காரருக்கு வாக்குக் கொடுக்காதீர்கள். முழுப் பணிக்காலத்தையும் பார்க்கலாம் என்று 2013-இல் பாபுலால் ஜாங்கிர் வழக்கில் தீர்ப்பு வந்திருக்கிறது. நேர்மை பற்றிய குறிப்பு இருந்தால் அதை ஒளிக்காமல் நேராக எதிர்கொள்ளுங்கள்.

தம்பியிடம் இதையெல்லாம் சொல்லித் தொண்டிக்கு அனுப்பினேன். திரும்பி வந்த மனு ஆறு பக்கம். பதவி உயர்வு ஆணை இரண்டாம் பத்தியிலேயே இருந்தது.

மனு மேல் மனு

மனுநீதி நாள், முதல்வரின் தனிப்பிரிவு, மறுபடி துறைத் தலைவர் என்று அலைந்துகொண்டே இருந்தால் காலம் நிற்காது. சட்டம் அனுமதிக்கும் முறையீட்டைத் தவிர மற்ற மனுக்கள் வழக்குத் தொடரும் காலக்கெடுவை நீட்டாது என்று 1989-இல் எஸ்.எஸ். ரத்தோர் வழக்கிலேயே முடிவாகிவிட்டது.

வாசல் மாறிப் போவது

மண்டபம் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தில் வேலை பார்த்தவர், தபால்காரர், ரயில்வே ஊழியர் எல்லோரும் முதலில் போக வேண்டியது மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். மாநில அரசு ஊழியர் மதுரைக் கிளைக்கு.

வாரிய, கழக ஊழியருக்கு 311

அரசு ஊழியரை விசாரிக்காமல் பணிநீக்கம் செய்வதைத் தடுக்கும் அரசியல் சட்டப் பிரிவு 311 அவர்களுக்குப் பொருந்தாது. சமத்துவம் பற்றிய 14, 16 பிரிவுகளையும், அந்த நிறுவனத்தின் சொந்தப் பணி விதியையும் வைத்து வாதாடுங்கள்.

மூன்று வாரம்

மத்திய அரசு ஊழியருக்கான கட்டாய ஓய்வு விதி 56(ஜே)-இல் வரும் ஆணைக்கு எதிராக முறையீடு செய்ய அவ்வளவுதான் நேரம். ஆணை வந்த தபால் உறையைக் கிழித்துப் போடாதீர்கள், என்று கிடைத்தது என்பதற்கு அதுதான் சாட்சி.