கற்பனை உலகின் மாயக்கல்: எழுதுவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

காரைக்குடி வட்டாரத்தில் மிகுபுனைவுக் கதை (ஃபேன்டசி) எழுதத் தொடங்கும் இளையோர் படிக்கத் தரும் கையெழுத்துப் படிகளில், ஓர் அரிய மாயக்கல் பெரும்பாலும் தலைகாட்டிவிடுகிறது. கல்லின் நிறமும் ஒளியும் பக்கம் பக்கமாக விவரிக்கப்படுகின்றன. ஆனால் அது இருப்பதால் அவ்வுலகத்தில் யாருடைய வீடும் வயலும் வரவுசெலவும் எப்படி மாறின என்பதற்கு ஒரு வரிகூட இருப்பதில்லை. மற்றத் தவறுகளில் பெரும்பாலானவை இதிலிருந்தே கிளைக்கின்றன என்பது என் எண்ணம்.

மழையை வரவழைக்கும் ‘மழைமணி’ என்றொரு கல்லை ஒருவர் படைப்பதாகவும், கதை நிகழும் நாட்டை அவர் நம் செட்டிநாட்டைப் பார்த்து வரைவதாகவும் வைத்துக்கொள்வோம். வற்றாத ஆறு இல்லாத வறண்ட நிலம் இது. அதனால்தான் நம் வீடுகளின் ஓட்டுக்கூரை முற்றத்தை நோக்கிச் சரிகிறது. அங்கே விழும் நீரைப் பிடித்துவைக்கிறார்கள். ஊரில் பெய்த மழை வாய்க்கால் வழியே ஊருணிக்குப் போய்ச் சேர்கிறது. மழைமணி உள்ள நாட்டிலும் அதே கூரை, அதே ஊருணி, அதே தண்ணீர்க் கவலை என்று எழுதினால், அந்தக் கல் கதைக்குள் வரவே இல்லை என்றுதான் பொருள். கல் உள்ள ஊரில் ஊருணியைத் தூர்வார யார் வருவார்கள்? ஓர் ஊர் இழுத்துக்கொண்ட மேகம் அடுத்த ஊருக்குப் பொய்த்துப்போனால், அந்த இரண்டு ஊர்களுக்கும் இடையே பெண் கொடுத்தலும் எடுத்தலும் எப்படி நடக்கும்? கதை இந்தக் கேள்விகளில்தான் இருக்கிறது.

அரிய கல் என்று சொல்லிவிட்டு, முக்கியப் பாத்திரங்கள் எல்லோருடைய கழுத்திலும் அதைத் தொங்கவிடுவது அடுத்த தவறு. அரிய பொருள் அடகுக்குப் போகும், பேரேட்டில் ஏறும், பெட்டகத்தில் பூட்டப்படும், பங்கு பிரிக்கும்போது சண்டைக்குக் காரணமாகும். பர்மாவுக்குக் ‘கொண்டு விற்க’, அதாவது வணிகம் செய்யப் போன செட்டிநாட்டு நகரத்தார் நிலத்தின் பேரில் கடன் கொடுத்தார்கள். 1930களின் தொடக்கத்தில் நெல்விலை வீழ்ந்து கடன் திரும்பாமற்போக, அந்தப் பத்தாண்டின் இறுதிக்குள் கீழ்பர்மாவின் முதன்மையான நெல் மாவட்டங்களில் ஏறத்தாழக் கால் பங்கு நிலம் அவர்கள் பெயருக்கு வந்தது. 1942இல் ஜப்பானியப் படை நுழைந்ததும் பலர் எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஊர் திரும்ப நேர்ந்தது. மதிப்புள்ள பொருள் கைமாறுவதற்கு வாளேந்திய வீரன் மட்டுமே காரணமாக வேண்டியதில்லை. விலைவீழ்ச்சியும் வராக்கடனும் போதும். மழைமணியை யார் யாரிடம் என்ன வட்டிக்கு வைத்தார்கள் என்று எழுதக்கூடிய மண்ணிலிருந்து வருகிறவர்கள், அதை எழுதாமல் விடுவது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

அரிய கல்லுக்குப் போலியும் கட்டாயம் இருக்கும். பிரிட்டிஷ் அரசமுடியின் முன்புறத்தில் ‘கறுப்பு இளவரசரின் மாணிக்கம்’ என்ற பெயரோடு பதிந்திருக்கும் பெரிய சிவப்புக்கல் மாணிக்கமே அன்று, ஸ்பினல் என்னும் வேறொரு கல். பர்மாவின் மொகோக் பள்ளத்தாக்கில் மாணிக்கமும் ஸ்பினலும் சேர்ந்தே கிடைக்கின்றன. சிலப்பதிகாரத்தின் ஊர்காண் காதையோ, மதுரைக் கடைவீதியில் வைரத்தை மட்டும் காட்டுவதோடு நிற்காமல், காகபாதம், களங்கம், விந்து, ஏகை என்று அதற்கு இருக்கக்கூடாத குற்றங்களையும் சொல்கிறது. உங்கள் உலகில் மழைமணியைச் சோதிப்பவர் யார்? ஒவ்வொரு முறையும் மழையை வரவழைத்துப் பார்க்காமல் அதை எப்படிச் சோதிப்பார்? இதற்கு விடை இருந்தால், நேர்மை தவறிய சோதனையாளர் என்ற நல்ல பாத்திரமும் கூடவே கிடைத்துவிடும்.

குகைக்குள் கிடக்கும்போதே பட்டை தீட்டியதுபோல் ஒளிரும் கற்களைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. பட்டை தீட்டாத கல் பெரும்பாலும் மங்கலாகவே இருக்கும். சாணை பிடிப்பவரின் உழைப்பைக் கதையில் காட்டுங்கள்.

எல்லையற்ற ஆற்றலைக் கொடுத்துவிடுவதும் கல்லைக் கெடுக்கிறது. உண்மை உலகின் படிகங்களுக்கே வியக்கத்தக்க இயல்புகள் உண்டு. குவார்ட்ஸை அழுத்தினால் அதில் மின்னூட்டம் தோன்றுவதை 1880இல் கியூரி சகோதரர்கள் கண்டறிந்தார்கள். இன்று கைக்கடிகாரத்துக்குள் இருக்கும் சிறு குவார்ட்ஸ் துண்டு நொடிக்கு 32,768 முறை அதிர்ந்து நேரம் காட்டுகிறது. எப்படி வெட்ட வேண்டும், எவ்வளவு மின்னழுத்தம் கொடுக்க வேண்டும் என்ற விதிகளுக்குள்தான் அது இயங்குகிறது. அதனால் வியப்பு குறைந்துவிடவில்லை. மழைமணி ஒரு முறை மழை தந்தபின் எத்தனை நாள் வெறுங்கல்லாகக் கிடக்கும், வெயில் பட்டால் ஊதா நிறக் கல்லான அமெதிஸ்டைப்போல் நிறம் வெளுக்குமா என்பவற்றை முதல் அத்தியாயத்துக்கு முன்பே முடிவுசெய்துவிடுங்கள்.

கடைசி அத்தியாயத்தில் கல் கீழே விழுந்து உடைய, தீமை எல்லாம் அதோடு ஒழிந்துபோவது பலர் கையாளும் முடிவு. உடைவது தவறில்லை. கீறலைத் தாங்குவதில் முதலிடம் பெற்ற வைரமே, குறிப்பிட்ட தளங்களின் வழியே அடித்தால் பிளந்துவிடும். முன்னறிவிப்பு இல்லாமல் உடைவதுதான் தவறு. பாண்டியன் அவையில் சிலம்பு உடைந்து மாணிக்கம் தெறிப்பதற்கு முன்பே, தன் சிலம்பின் பரல் மாணிக்கம் என்று கண்ணகியும், அரசியின் சிலம்பில் இருப்பது முத்து என்று மன்னனும் சொல்லிவிடுகிறார்கள். அதனால் தெறித்த மணி எதை மெய்ப்பிக்கிறது என்று கேட்போருக்கு அந்தக் கணத்திலேயே தெரிகிறது. மழைமணி எந்தத் தளத்தில் பிளக்கும் என்பதைச் சாணை பிடிப்பவர் வாயால் நடுக்கதையிலேயே சொல்லவைத்துவிட்டால், இறுதியில் அதை உடைப்பவர் எங்கே அடிக்கிறார் என்பதை மட்டும் எழுதினால் போதும்.